கூண்டு எப்ப வைப்பீங்க?

எனக்கு வரும் போன் பெரும்பாலும் காலை ஆறரைக்குள் வந்துவிடும். பட்டியைத் திறக்கப் போனவர்கள் பார்த்துவிட்டு, பக்கத்து வீட்டுக்காரர்களைக் கூப்பிட்டுக் காட்டிவிட்டு, வார்டு உறுப்பினருக்குச் சொல்லிவிட்டு, அப்புறம் யாராவது ஒருவர் என் நம்பரைத் தேடி எடுத்து அடிப்பார்கள். "சார், சிறுத்தை ஆட்டை அடிச்சிருச்சு." அடுத்த கேள்வி என்னவென்று எனக்கு முன்பே தெரியும். கூண்டு எப்ப வைப்பீங்க?

நான் வனத்துறை ஆள் இல்லை. சிறுத்தைகளைப் பற்றி ஆராய்ச்சி செய்கிற காட்டுயிர் ஆய்வாளன். கூண்டு வைக்கிற அதிகாரம் எனக்குக் கிடையாது, உள்ளூர் ரேஞ்சர்கூட தானாக முடிவெடுத்து வைத்துவிட முடியாது. 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் இருக்கிற விலங்கைப் பிடிக்க, மாநிலத் தலைமை வன உயிரினக் காப்பாளரின் எழுத்துப்பூர்வமான அனுமதி வேண்டும். ஆனால் இதையெல்லாம் ஆடு செத்துக் கிடக்கிற வீட்டு வாசலில் நின்று சொல்ல முடியாது. முதல் இரண்டு வருடங்கள் சொல்லிப் பார்த்திருக்கிறேன். யாரும் காதில் வாங்கவில்லை. வாங்காதது நியாயம்தான் என்று இப்போது தோன்றுகிறது.

போன மார்கழியில் அப்படி ஒரு காலை. மலையடிவாரத்தில், ஓடைக்கரையை ஒட்டிய கடைசி வீடு. பாட்டிக்கு எழுபது வயதுக்கு மேல் இருக்கும். பட்டி என்பது இடுப்பளவு மண்சுவர், அதற்கு மேல் மூங்கில் தட்டி, மேலே சிமெண்ட் ஷீட். தட்டிக்கும் ஷீட்டுக்கும் நடுவில் ஒன்றரை அடி இடைவெளி, ஆட்டுக்குக் காற்று வேண்டுமே என்று விட்டது. அது வழியாகத்தான் இறங்கியிருக்கிறது. மண்சுவரின் மேல்விளிம்பில் நகம் பதிந்து சரிந்த நான்கு கோடுகள், அதில் பனி ஈரம் இன்னும் காயவில்லை. உள்ளே மூன்று ஆடுகள் காணாமலோ செத்தோ போயிருந்தன. ஒன்றைத் தூக்கிக்கொண்டு போயிருந்தது, இரண்டு அங்கேயே கிடந்தன, ஒரு வாய்கூடத் தின்னாமல். நான் குனிந்து ஒரு கிடாயின் கழுத்து முடியை விலக்கிப் பார்த்தேன். தொண்டைக்குக் கீழே இரண்டு துளைகள், பக்கத்துக்கு ஒன்றாக. ரத்தம் அதிகமில்லை. நாய் கடித்திருந்தால் பின்னங்காலும் வயிறும் கிழிந்து கிடக்கும். இது சுத்தமான வேலை.

பாட்டி மூங்கில் தட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார். அழவில்லை. "ஒண்ணைத் தின்னுட்டுப் போயிருந்தா, பசி, போகட்டும்னு விட்டிருப்பேன் தம்பி. மூணைக் கொன்னு ஒண்ணைத்தானே தூக்கிட்டுப் போயிருக்கு. இது என்ன நியாயம்?"

இந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இருந்தது, உடனே சொல்லவில்லை. காட்டில் ஒரு மானை அமுக்கினால் மற்ற மான்கள் அடுத்த நொடி அங்கே இருக்காது. பட்டிக்குள் ஓட வழியில்லாத ஆடுகள் அதன் கண்ணெதிரே துள்ளிக்கொண்டே இருக்கின்றன, துள்ளுகிற ஒவ்வொன்றையும் அமுக்கச் சொல்கிறது அதன் உடம்பு. ஓநாய், நரி, பனிச்சிறுத்தை எல்லாமே அடைபட்ட மந்தைக்குள் புகுந்தால் இப்படித்தான். அதற்கு வன்மம் எதுவும் இல்லை, ஆனால் அந்தக் கிடாய் பேத்தியின் காலேஜ் ஃபீஸுக்காக வளர்த்தது என்று கேட்டபிறகு விலங்கின் மனநிலையை விளக்க எனக்கு வாய் வரவில்லை.

"கூண்டு எப்ப வைப்பீங்க?"

கூண்டை நானும் ஒரு காலத்தில் நம்பினேன். வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு பிடிப்பின்போது கூடவே இருந்தேன். உள்ளே ஒரு நாயைக் கட்டி, கதவைத் தூக்கி வைத்து, மூன்றாம் இரவு மாட்டியது. விடியும்போது ஊரே திரண்டுவிட்டது. கம்பியைக் கடித்துக் கடித்து கோரைப்பல் இரண்டும் உடைந்து, வாயெல்லாம் ரத்தம். ஒரு பக்கம் செல்போன், ஒரு பக்கம் குச்சி. வண்டியில் ஏற்றிக் கொண்டுபோனார்கள், எல்லோரும் கைதட்டினார்கள், நானும் நிம்மதியாகத்தான் நின்றேன். ஒன்பதாவது நாள், கூண்டு வைத்த இடத்திலிருந்து இரண்டு தெரு தள்ளி இன்னொரு நாய் போனது. எங்கள் தானியங்கி கேமராவில் விழுந்த படத்தைப் பார்த்தேன். சிறுத்தையின் விலாப் புள்ளிகள் நம் கைரேகை மாதிரி, ஒன்றுக்கு இருப்பது இன்னொன்றுக்கு இருக்காது. இது வேறு சிறுத்தை. அப்படியானால் முதலில் பிடித்தது தப்பு செய்த சிறுத்தைதானா என்று யாருக்குமே தெரியாது. கூண்டுக்குள் கட்டிய இரை அந்த வழியாகப் போகிற எந்தச் சிறுத்தையையும் கூப்பிடும்.

இதை அளந்து பார்த்துச் சொன்னவர் காட்டுயிர் ஆய்வாளர் வித்யா ஆத்ரேயா. மகாராஷ்டிராவில், புனே மாவட்டத்து ஜுன்னர் பகுதி. கரும்புக்காடு நிறைந்த ஊர்கள். அங்கே 2001 முதல் 2003 வரை சிறுத்தைகளைப் பிடித்துப் பிடித்துப் பக்கத்துக் காடுகளில் கொண்டுபோய் விட்டார்கள். 29 சிறுத்தைகள், சராசரியாக 40 கிலோமீட்டர் தள்ளி. அவற்றில் பெரும்பாலானவை யாரையும் தாக்கியவை அல்ல, ஊருக்குள் தென்பட்டதால் பிடிபட்டவை. அதற்கு முன்பு வருடத்துக்குச் சராசரியாக 4 பேர் தாக்கப்பட்டுக்கொண்டிருந்த இடத்தில், பிடித்து விட ஆரம்பித்த பிறகு அது 17 ஆனது. தாக்குதலில் உயிர் போகிற விகிதமும் இரண்டு மடங்கானது. அவரும் கூட்டாளிகளும் சேர்ந்து 2011-இல் இதை ஆய்வுக் கட்டுரையாக வெளியிட்டார்கள். அதே வருடம் மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் சிறுத்தை விஷயத்துக்கென்றே தனியாக வழிகாட்டுதல் வெளியிட்டது. எடுத்ததற்கெல்லாம் பிடித்து வேறு காட்டில் விடாதீர்கள் என்பது அதில் முக்கியமானது. அது வந்து இத்தனை வருடமாகியும் ஒவ்வொரு ஊரிலும் முதல் கேள்வி கூண்டுதான்.

தாக்குதல் ஏன் கூடியது என்று யோசித்தால் பெரிய மர்மம் இல்லை. சிறுத்தைக்கு ஊர் தெரியும். எந்த வீட்டில் நாய் கட்டிக் கிடக்கும், எந்த வழியில் ஆள் நடமாட்டம் எத்தனை மணிக்கு அடங்கும், எந்த மடுவில் தண்ணீர் இருக்கும் என்பதெல்லாம் அதற்கு மனப்பாடம். மனுஷன் கண்ணில் படாமல் வாழ்வதற்குத் தேவையானதே அந்த அறிவுதான். அதைப் பிடித்து, இரண்டு நாள் கூட்டத்துக்கு நடுவில் வைத்திருந்து, பல்லுடைந்த நிலையில் தெரியாத இடத்தில் இறக்கிவிட்டால் அந்த அறிவு மொத்தமும் செல்லாக்காசு. அந்தக் காட்டில் ஏற்கெனவே வேறு சிறுத்தைகள் இருக்கும், நிற்க விடாது. அலையும், எந்த ஊரோரமாவது ஒதுங்கும். இங்கே காலியான இடத்துக்கோ வேறொன்று வரும், வயசு குறைந்தது, ஊர் தெரியாதது.

ஆஜோபாவின் கதையைச் சொல்லாமல் இதைத் தாண்ட எனக்கு மனசு வராது. 2009-இல் அகமதுநகர் மாவட்டத்தில் கிணற்றில் விழுந்த ஆண் சிறுத்தை அது. தூக்கி எடுத்து, கழுத்தில் ஜிபிஎஸ் காலர் மாட்டி, மால்ஷேஜ் கணவாய்ப் பக்கம் விட்டார்கள். வயதான தோற்றம், அதனால் ஆஜோபா, மராத்தியில் தாத்தா. தாத்தா ஏறத்தாழ 25 நாளில் 120 கிலோமீட்டர் நடந்தார். ரயில் பாதை, மும்பை-ஆக்ரா நெடுஞ்சாலை, வசாய் கழிமுகத்தில் நீச்சல், எல்லாம் தாண்டி மும்பையின் சஞ்சய் காந்தி தேசியப் பூங்காவுக்குப் போய்ச் சேர்ந்தார். வழியில் ஒரு மனிதரைக்கூடத் தொடவில்லை. முன்பு எப்போதோ அங்கிருந்து பிடித்து வந்து விடப்பட்டு, வீட்டுக்குத்தான் திரும்பினாரோ என்று எனக்கு எப்போதும் தோன்றும். 2011 டிசம்பரில் மும்பை-அகமதாபாத் நெடுஞ்சாலையில் வண்டி மோதிச் செத்துப்போனார்.

அதே அகமதுநகர் மாவட்டத்து அகோலேயில் வித்யா ஆத்ரேயா குழு கேமரா வைத்தபோது தெரியவந்தது இன்னும் பெரிது. காடே இல்லை. கரும்பும் வீடும் ரோடும்தான். சதுர கிலோமீட்டருக்கு 300 பேருக்கு மேல் வாழ்கிற இடம். அங்கே 100 சதுர கிலோமீட்டருக்கு ஏறக்குறைய 5 வளர்ந்த சிறுத்தைகள், அதே அளவு கழுதைப்புலிகளும். மனிதர்கள் மேல் தாக்குதல் மிக அரிது. காலர் போட்ட சிறுத்தைகள் பகலில் கரும்புக்குள் படுத்துவிட்டு, ராத்திரி வீட்டோரமாக நடந்திருக்கின்றன. வீட்டில் இருந்தவர்களுக்கு அது தெரியவே இல்லை. நாடு முழுக்க 13,874 சிறுத்தைகள், தமிழ்நாட்டில் 1,070 என்று 2022 கணக்கெடுப்பு சொல்கிறதே, அது பெரும்பாலும் புலி இருக்கிற காடுகளை ஒட்டி எடுத்தது. கரும்புக்காட்டுச் சிறுத்தைகள் அதில் சேரவே இல்லை. அதனால் "காட்டுக்குப் போகட்டும்" என்கிற பேச்சு வரும்போது எனக்குத் திகைப்பாக இருக்கும். அது பிறந்ததே கரும்புக்குள் என்றால் எந்தக் காட்டுக்குத் திருப்பி அனுப்புவது?

சரி, அங்கே அவை எதைத் தின்று உயிர் வாழ்கின்றன? இதற்கு எச்சத்தைப் பார்க்க வேண்டும். என் வேலையில் மிக அதிக நேரம் பிடிப்பது இதுதான். பாதையோரம் கிடக்கிற சிறுத்தை எச்சத்தைக் காகித உறையில் எடுத்து வந்து, வெயிலில் காயவைத்து, சல்லடையில் போட்டு குழாயடியில் கழுவ வேண்டும். மண்ணும் சாறும் போய், கடைசியில் சல்லடையில் மிஞ்சுவது முடி, நகம், எலும்புத் துணுக்கு. ஒரு முறை நாய்க் கழுத்துப்பட்டையின் சின்ன இரும்பு வளையம் மிஞ்சியது, துருப்பிடித்து, முடியோடு சுற்றிக்கொண்டு. முடியைக் கண்ணாடித் தகட்டில் வைத்து நுண்ணோக்கியில் பார்த்தால் நடுத்தண்டின் அமைப்பு ஆட்டுக்கு ஒரு மாதிரி, நாய்க்கு ஒரு மாதிரி, மானுக்கு வேறு மாதிரி. அகோலேயில் இப்படிப் பார்த்ததில், தின்ற இரையின் எடையில் 39 சதவீதம் நாய், 15 சதவீதம் பூனை. ஆடு 11 சதவீதம்தான், அதுவும் அங்கே நாய்களைவிட ஆடுகள் ஏழு மடங்கு அதிகம் இருந்தும். வால்பாறையில் இதே மாதிரி பார்த்தபோது பெரும்பாலும் காட்டு இரைதான் கிடைத்தது. இடத்துக்கு இடம் இவ்வளவு மாறும். ஓர் ஊரில் படித்ததை அடுத்த ஊரில் அப்படியே ஒப்பிக்கக்கூடாது என்பதை எனக்குக் கற்றுக்கொடுத்தது இந்தச் சல்லடைதான்.

எங்கள் பகுதியில் நாய் முடி நிறைய வந்தது. நாய் எங்கிருந்து வருகிறது என்று தேடினோம். ஓடைப்பாலத்துக்குக் கீழே கறிக்கடைக் கழிவு கொட்டுகிற இடம். அங்கே இருபது முப்பது நாய்கள் எப்போதும் கிடக்கும், அதிலிருந்து முந்நூறு மீட்டரில் பாட்டியின் வீடு. நாய்க்காக வருகிற சிறுத்தை, போகிற வழியில் திறந்த பட்டியைப் பார்க்கிறது. அந்தக் கழிவை வேறு இடத்தில் குழிதோண்டிப் போடச் சொல்லி ஊராட்சியோடு நான்கு மாதம் பேசினேன். நான் எழுதிய எந்தக் கட்டுரையையும்விட இந்தப் பேச்சுவார்த்தை பிரயோஜனமானது என்று உறுதியாக நம்புகிறேன்.

இழப்பீட்டைப் பற்றியும் சொல்லியாக வேண்டும், கோபம் உண்மையில் உறைந்திருப்பது அங்கேதான். ஆடு செத்தால் கால்நடை மருத்துவர் சான்று, போட்டோ, கிராம நிர்வாக அலுவலர் கையெழுத்து, விண்ணப்பம். ஒரு குடும்பத்துக்காக நானே கூட நடந்தேன். ஒரு கையெழுத்து விடுபட்டுவிட்டது என்று ஓர் அலுவலகத்திலிருந்து திருப்பி அனுப்பினார்கள், மறுபடி போனோம், அந்த அதிகாரி மாறிவிட்டார். பதினான்கு மாதம். பணம் வந்தபோது ஆட்டுக்காரர் ஆடு வளர்ப்பதையே விட்டுவிட்டிருந்தார். பணம் வருகிற வரைக்கும் அந்த மனிதருக்குச் சிறுத்தையைப் பார்க்கும்போதெல்லாம் என்ன தோன்றியிருக்கும்? இமாசலப் பிரதேசத்தின் ஸ்பிதியில், கிப்பர் என்கிற ஊரில் 2002-லிருந்து வேறு வழி வைத்திருக்கிறார்கள். பனிச்சிறுத்தை அடித்த மாட்டுக்கு ஊர்க்காரர்களே நடத்துகிற காப்பீடு. பிரீமியம் அவர்கள் கட்டுகிறார்கள், எது உண்மை எது பொய் என்று அவர்களே பார்த்து முடிவு செய்கிறார்கள். பனிச்சிறுத்தை ஆய்வாளர் சாருதத் மிஸ்ராவும் கூட்டாளிகளும் ஊரோடு உட்கார்ந்து பேசி ஆரம்பித்தது. பக்கத்து வீட்டுக்காரனிடம் பொய்க்கணக்கு காட்டுவது சுலபமில்லை என்பதால் அது நிற்கிறது என்று நினைக்கிறேன்.

போட்ஸ்வானாவில் மாட்டின் பின்பக்கத்தில் பெரிய கண் வரைந்து பார்த்திருக்கிறார்கள். சிங்கமும் சிறுத்தையும் பதுங்கி வந்து அடிக்கிற ஜாதி, இரை தன்னைப் பார்த்துவிட்டது என்று நினைத்தால் விட்டுவிடும் என்கிற யோசனை. நான்கு வருடம், 14 மந்தை. கண் வரைந்த 683 மாடுகளில் ஒன்றைக்கூடச் சிங்கமோ சிறுத்தையோ அடிக்கவில்லை. எதுவும் வரையாத 835-இல் 15 போயின. வெறும் பெருக்கல் குறி போட்ட 543-இல் 4. கேட்க அவ்வளவு சந்தோஷமாக இருக்கிறது, ஆனால் மந்தையில் எல்லா மாட்டுக்கும் வரைந்துவிட்டால் என்ன ஆகும், நாள்பட சிங்கத்துக்கும் சிறுத்தைக்கும் விஷயம் புரிந்துவிட்டால் என்ன ஆகும் என்பதை அந்த ஆய்வு செய்தவர்களே கேள்வியாகத்தான் விட்டிருக்கிறார்கள். ராத்திரி பட்டிக்குள் அடைத்த ஆட்டுக்கு இது உதவாது. அதற்குக் கம்பிவலைதான்.

ஒன்றை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். ஒரு குழந்தை போன வீட்டில் நான் சிறுத்தைக்காகப் பேசியதில்லை, பேசவும் மாட்டேன். மூன்று வருடத்துக்கு முன்பு அப்படி ஒரு வீட்டுத் திண்ணையில் ஒரு மதியம் முழுக்க உட்கார்ந்திருந்தேன். தெருவிளக்கு எரியாத, தோட்டத் தொழிலாளர் லைன் வீடு, கழிப்பறை கிடையாது, அந்தி நேரத்தில் புதர்ப்பக்கம் ஒதுங்கிய குழந்தை. குனிந்து உட்கார்ந்திருக்கிற சின்ன உருவம் சிறுத்தையின் கண்ணுக்கு மனிதனாகவே தெரிவதில்லை என்று எனக்குத் தெரியும், அந்தத் தாய்க்கு அதனால் என்ன? மனிதர்களையே திரும்பத் திரும்பத் தாக்குகிற ஒரு சிறுத்தை அடையாளம் தெரிந்துவிட்டால் அதை அகற்றத்தான் வேண்டும், திரும்ப வெளியே விடவும் கூடாது. இதைச் சொன்னதற்காக என் நண்பர்கள் சிலரே என்னிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. பரவாயில்லை. அந்த லைனில் விளக்கும் கழிப்பறையும் வர ஒரு சாவு தேவைப்பட்டதே என்பதுதான் இன்றைக்கும் என்னை அறுக்கிறது.

பாட்டி விஷயத்துக்கு வருகிறேன். அன்று காலை நான் கூண்டு வராது என்று சொல்லவில்லை. செத்த ஆடுகளை அளந்து, போட்டோ எடுத்து, மருத்துவருக்குப் போன் போட்டு, அவர் வரும்வரை கூடவே இருந்தேன். மத்தியானம் பாட்டியே ஒரு டம்ளர் மோர் கொண்டுவந்து வைத்துவிட்டு, "பிடிச்சுட்டுப் போனா திரும்ப வருமா?" என்று கேட்டார். வரலாம், இல்லாவிட்டால் வேறொன்று வரும் என்றேன். அந்தக் கிடாய் கழுத்தைப் பார்த்தபடியே கொஞ்ச நேரம் இருந்தார். "அப்ப மேல இருக்கற இந்த இடைவெளியை அடைக்கறதுக்கு வழி சொல்லு."

எங்கள் திட்டத்தில் இருந்த கொஞ்சம் பணம், ஊர் வெல்டர் கூலி குறைத்துச் செய்த வேலை. இரும்புக் குழாய், சங்கிலி வலை, கீழே ஒரு அடி ஆழத்துக்கு மண்ணில் புதைத்தோம், ஷீட் வரைக்கும் இடைவெளி இல்லாமல் இழுத்துக் கட்டினோம். கதவை எங்கே வைப்பது என்பதைப் பாட்டி முடிவு செய்தார், அடுப்படிக் கதவுக்கு நேர் எதிரே, படுத்தபடியே எட்டிப் பார்த்தால் தெரிகிற மாதிரி. நாங்கள் வரைந்த படத்தில் அது பின்பக்கம் இருந்தது. பட்டிக்கு எதிர் வேப்பமரத்தில் ஒரு கேமரா கட்டிவைத்தேன்.

பங்குனியில் மெமரி கார்டை எடுத்துப் பார்த்தபோது வந்திருந்தது. ராத்திரி 2.40. வலையோரமாக நடந்து, ஓர் இடத்தில் நின்று மூக்கை வலையில் வைத்து, உள்ளே பார்த்தது. அடுத்த படத்தில் பக்கவாட்டில் திரும்பியிருந்தது. அதற்கடுத்த படத்தில் வால் மட்டும். மொத்தம் நான்கு நிமிடம்கூட இல்லை. ஆடுகள் உள்ளே ஒரு மூலையில் ஒண்டிக்கொண்டு நின்றிருந்தன, ஒன்றுக்கும் ஒன்றும் ஆகவில்லை.

போனில் ஏற்றிக்கொண்டு போய்ப் பாட்டியிடம் காட்டினேன். அவர் அதை முதன்முறையாகப் பார்க்கிறார். கண்ணைச் சுருக்கி, போனை வெளிச்சத்துக்குத் திருப்பி, ரொம்ப நேரம் பார்த்தார். பக்கவாட்டுப் படத்தில் விரலை வைத்தார்.

"மடி இறங்கியிருக்கு பாரு தம்பி. குட்டி போட்டிருக்கு."

நானும் என் கூட வேலை செய்கிற பையனும் அந்தப் படத்தைக் காலையிலிருந்து பத்து தடவையாவது பார்த்திருப்போம், விலாப் புள்ளிகளை மட்டும். பெரிதாக்கிப் பார்த்தேன். வயிற்றுக்கடியில் காம்புகள் தடித்து, சுற்றிலும் முடி நனைந்து ஒட்டிக்கிடந்தது. பால் கொடுக்கிற தாய்.

பாட்டி போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு எழுந்தார். "ஓடைக்கரைப் புதரை அடுத்த வாரம் நூறு நாள் வேலைக்காரங்க வெட்டப்போறாங்க. இந்த மாசம் வேண்டாம்னு அவங்ககிட்ட சொல்லிடு, குட்டி அங்கதான் கிடக்கும்" என்று சொல்லிவிட்டு, ஆட்டுக்குக் குழை கட்டப் போய்விட்டார்.